குதிரையேற மட்டும் விருப்பம் கேட்கும் விதி

காவலரை எந்தப் பிரிவுக்கும் எப்போது வேண்டுமானாலும் மாற்றலாம் என வாதிடுவோர் முதலில் காட்டுவது 1861ஆம் ஆண்டின் காவல் சட்டம். மாநில அரசின் கீழுள்ள காவல் அமைப்பு முழுவதும் ஒரே படையாகக் கருதப்படும் என்கிறது அதன் 2ஆம் பிரிவு. படை ஒன்றாக இருக்கலாம், தொழில் ஒன்றல்ல. சம்மன் சார்பு செய்து, பிடியாணை நிறைவேற்றி, சாட்சிகளோடு பழகித் தேர்ந்தவரும், முகாமில் கவாத்தும் துப்பாக்கியுமாக ஆண்டுகளைக் கழித்தவரும் ஒருவருக்கு மற்றவர் மாற்றாக மாட்டார்.

உத்தரப் பிரதேசக் காவல் ஒழுங்குமுறை விதிகள் இந்த வேறுபாட்டை அறிந்தே எழுதப்பட்டவை. அவற்றின் 525ஆம் பத்தியின்படி, பணியில் இரண்டாண்டு நிறையாத காவலரைச் சிவில் பிரிவிலிருந்து ஆயுதப் பிரிவுக்கோ, அங்கிருந்து இங்கோ கண்காணிப்பாளரே மாற்றலாம். இரண்டுக்கு மேல் பத்தாண்டுக்குள் எனில் அவர் பரிந்துரைக்க டி.ஐ.ஜி. ஆணையிட வேண்டும். மற்றவற்றுக்கு ஐ.ஜி.யின் ஒப்புதல் தேவை. பத்தாண்டு கடந்தவரை மாற்றவே இயலாது எனக் காவலர் தரப்பில் சிலர் இதற்குப் பொருள் கொள்வதுண்டு. விதியின் சொற்கள் அதற்கு இடம் தரவில்லை.

குறையே அங்குதான். கையொப்பமிட வேண்டியவர் யார் என்பதோடு விதி நின்றுவிடுகிறது. காரணத்தை எழுது என்றோ, பணிமூப்பைக் காத்திடு என்றோ அது சொல்லவில்லை. காவலரின் விருப்பம் அதில் இடம்பெறுவது ஒரே ஓரிடத்தில்: காலாட்காவலர் குதிரைப் பிரிவுக்குச் செல்வது அவரது வேண்டுகோளின்பேரில். குதிரைமீது காட்டிய கரிசனம் மனிதர்மீது இல்லாமற் போயிற்று!

இதன் விலை 2020 செப்டம்பரில் வெளிப்பட்டது. பி.ஏ.சி. எனப்படும் மாநில ஆயுதக் காவல்படையிலிருந்து சிவில் பிரிவுக்கு அனுப்பப்பட்டு, அங்கேயே பதவி உயர்வும் பெற்ற நூற்றுக்கணக்கானோர் மீண்டும் பழைய படைக்கும் பழைய பதவிக்கும் இறக்கப்பட்டனர். இரண்டும் தனித்தனிப் பணித்தொகுதிகள் என்பது காரணமாகச் சொல்லப்பட்டது. அனுப்பும்போது ஒரே படை. உயர்வு தரும்போது இரு படைகளா? முதலமைச்சர் தலையிட்டு அவர்களுக்குப் பதவி உயர்வு வழங்க ஆணையிட்டார். அது அன்றைய நிவாரணம். விதியின் ஓட்டையை அது அடைக்கவில்லை.

பிரகாஷ் சிங் வழக்கில் 2006இல் உச்ச நீதிமன்றம், டி.எஸ்.பி. நிலைவரையிலான இடமாற்றங்களைக் காவல் பணியமைப்பு வாரியமே முடிவு செய்ய வேண்டும் என்றது. புலனாய்வைச் சட்டம் ஒழுங்குப் பணியிலிருந்து பிரிக்கவும் அதே தீர்ப்பு பணித்தது. தனித்திறன் வேண்டும் என்று நீதிமன்றம் சொல்ல, ஆளைக் கலைத்துப் போடும் அதிகாரத்தை 'நிர்வாக நலன்' என்ற இரு சொற்களுக்குள் துறை பொத்தி வைத்திருக்கிறது.

பத்தாண்டு கடந்த காவலரைப் பிரிவு மாற்ற அவருடைய எழுத்துப்பூர்வ இசைவு வேண்டும். அதைப் பெறாவிடில் வாரியம் காரணத்தைப் பதிவு செய்து அவருக்குப் படி தர வேண்டும். பணிமூப்பு எங்கே கணக்கிடப்படும் என்பது மாற்றல் ஆணையிலேயே இருக்க வேண்டும். 525ஆம் பத்தியில் இம்மூன்றையும் சேர்க்க அரசுக்குத் தடை ஏதுமில்லை.