பேச்சு போனவரிடம் "மனசு எப்படி இருக்கு?" என்று கேட்பது எப்படி?

செஞ்சி என்றவுடன் எல்லோருக்கும் கோட்டையும் தேசிங்கு ராஜாவும்தான் ஞாபகம் வரும். 2025 ஜூலையில் யுனெஸ்கோ பட்டியலில் ஏறிய பிறகு கேட்கவே வேண்டாம். ஆனால் சுற்று வட்டார விவசாயிக்குச் செஞ்சி என்றால் ஒழுங்குமுறை விற்பனைக்கூடம்தான். நெல்லும் மல்லாட்டையும் (வேர்க்கடலைதாங்க, வெளியூர்க்காரர்களுக்காகச் சொல்வது) மூட்டை மூட்டையாக வந்து இறங்கும்.

அப்படி மூட்டையோடு வந்துபோய்க் கொண்டிருந்த 60 வயதுப் பெரியவர் ஒருவருக்குப் பக்கவாதம் வந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். மூளையின் இடது பக்கத்தில் அடி. வலது கையும் காலும் விழுந்துவிட்டன, கூடவே பேச்சும் போய்விட்டது. முண்டியம்பாக்கம் மெடிக்கல் காலேஜில் சேர்த்து உயிரைக் காப்பாற்றிவிட்டார்கள். வீட்டுக்கு வந்து ஒரு மாதம் ஆகிறது. சோறு இறங்கவில்லை. கையை மடக்கி நீட்டச் சொன்னால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். வீட்டில் என்ன சொல்வார்கள்? "எப்பவுமே பிடிவாதம்தான், இப்ப கூடிப்போச்சு."

அது பிடிவாதமாக இல்லாமல் மனச்சோர்வு நோயாக இருக்கலாம். பக்கவாதம் வந்தவர்களில் கிட்டத்தட்ட மூன்றில் ஒருவருக்கு அது வருகிறது என்று பல நாட்டு ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தவர்கள் சொல்கிறார்கள். மருந்தும் சிகிச்சையும் இருக்கின்றன. ஆனால் முதலில் கண்டுபிடிக்க வேண்டுமே! வழக்கமான கேள்வித்தாள்கள் எல்லாம் பேச்சை நம்பியவை. "கடந்த இரண்டு வாரத்தில் எத்தனை நாள்..." என்று ஆரம்பித்தால் இவர் எதைப் புரிந்துகொண்டு எதைச் சொல்வார்? பேச்சிழந்தவர்களில் சிலர் எதைக் கேட்டாலும் தலையாட்டிவிடுவார்கள். தமிழ்நாட்டுத் தலையாட்டலில் எது ஆமாம், எது இல்லை என்பது நல்ல நாளிலேயே வெளியாளுக்குப் புரியாது!

இதற்குத்தான் படம் காட்டிக் கேட்கும் முறை வந்தது. அமெரிக்க நரம்பியல் உளவியலாளர் ராபர்ட் ஸ்டெர்ன் 1990களில் உருவாக்கிய அளவுகோல் இதில் பிரபலம். சோகம், மகிழ்ச்சி, பயம், கோபம், குழப்பம், அசதி என்று மொத்தம் எட்டு மனநிலைகள், ஒவ்வொன்றுக்கும் ஒரு தாள். தாளின் மேலே எந்த உணர்ச்சியும் இல்லாத முகம், கீழே சோகமான முகம் என்றால், நடுவில் 100 மில்லிமீட்டர் நீளத்துக்குச் செங்குத்தாக ஒரு கோடு. நோயாளி தன் மனசு எங்கே இருக்கிறதோ அங்கே ஒரு கோடு கிழித்தால் போதும். மேலிருந்து அளந்தால் மதிப்பெண். வாயைத் திறக்கவே வேண்டாம்.

கோடு ஏன் படுத்திருக்காமல் நிற்கிறது? மூளையில் அடிபட்ட சிலருக்கு ஒரு பக்கத்து உலகமே கவனத்தில் இருக்காது. தட்டில் பாதிச் சோற்றை மட்டும் சாப்பிட்டுவிட்டு எழுந்துவிடுவார்கள். இடமிருந்து வலமாகக் கோடு போட்டால் அவர்கள் பாதிக் கோட்டைப் பார்க்காமலே பதில் சொல்லிவிடுவார்கள். நிற்க வைத்தால் அந்தத் தொல்லை குறைவு. யாரோ நோயாளியின் பக்கத்தில் உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள்.

சரி, இதை அப்படியே செராக்ஸ் எடுத்து செஞ்சிக்குக் கொண்டுவந்துவிடலாமா? முடியாது.

முகத்துக்குப் பக்கத்தில் அந்த மனநிலையின் பெயரும் அச்சாகியிருக்கும். தமிழில் என்ன போடுவது? 'துக்கம்' என்று போட்டால் எந்த வீட்டில் சாவு என்று கேட்பார்கள். 'சோர்வு' என்றால் உடம்பா மனசா என்று தெரியாது. 'வருத்தம்' பரவாயில்லை, ஆனால் அது யார் மேலோ வருத்தம் என்றும் ஆகும். அகராதியைப் பார்த்து மொழிபெயர்த்தால் இதெல்லாம் பிடிபடாது, ஊர்க்காரர்களிடம் உட்கார்ந்து கேட்க வேண்டும்.

அடுத்தது அந்தக் கோடு. நீளம் கூடினால் சோகம் கூடுகிறது என்பது பள்ளிக்கூடத்தில் வரைபடம் போட்டவர்களுக்குச் சுலபம். பள்ளிக்கே போகாத ஆயாவுக்கு அது வெறும் கோடு. படியும் மரக்காலும் பார்த்த கைக்கு, குடத்தில் தண்ணீர் எவ்வளவு நிறைந்திருக்கிறது என்ற படம் சட்டென்று புரியலாம். ஆனால் அப்படி மாற்றிவிட்டு அமெரிக்க மதிப்பெண்களோடு ஒப்பிடக் கூடாது. இங்கே நூற்றுக்கணக்கானவர்களிடம் காட்டிச் சோதித்த பிறகுதான் அந்தக் குடத்துக்கு மரியாதை. மூளையின் வலது பக்கம் அடிபட்ட பலருக்கு முகபாவமே பிடிபடாது என்பதையும் மறக்கக் கூடாது. எனவே முதலில் சிரித்த முகத்தையும் அழுத முகத்தையும் காட்டி அடையாளம் சொல்லச் செய்துவிட்டு ஆரம்பிப்பதுதான் முறை.

"இவ்வளவு எதற்கு, கூட இருக்கும் மருமகளைக் கேட்டால் சொல்லிவிடுவாளே" என்று ஒரு கட்சி உண்டு. கவனிப்பவரைக் கேட்டு நிரப்பும் கேள்வித்தாள்கள் உண்மையிலேயே இருக்கின்றன, பிரிட்டனில் பேச்சிழந்தவர்களுக்கென்றே தயாரித்தார்கள். அவை தேவைதான். ஆனால் அதோடு நிறுத்துவது தப்பு. மூளையில் அடிபட்ட சிலருக்கு மனசில் ஒன்றும் இல்லாமலே அழுகை பொத்துக்கொண்டு வரும். பார்க்கின்சன் நோயாளிக்கோ உள்ளே எவ்வளவு கொதித்தாலும் முகம் அசையாது. வெளியிலிருந்து பார்ப்பவர் இரண்டிலும் ஏமாறுவார். தவிர, ராத்திரி பகலாகப் பார்த்துக்கொள்ளும் மருமகளின் சொந்த அலுப்பும் அந்தப் பதிலில் கலந்துவிடும், அவளைக் குறை சொல்லிப் பயனில்லை. பெரியவருக்குப் பேச்சுதான் போயிருக்கிறது, தன் மனசைப் பற்றிச் சொல்லும் உரிமை போகவில்லை.

தமிழ்நாட்டில் 2021 ஆகஸ்டில் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் சர்க்கரை, பிபி மாத்திரை வீட்டுக்கே வருகிறது. நடக்க முடியாதவர்களுக்கு இயன்முறை சிகிச்சை அளிப்பவரும் வருகிறார். பெரியவரின் கையை மடக்கி நீட்டுபவர் அவர்தான், முகத்தைத் திருப்பிக்கொள்வதை முதலில் பார்ப்பவரும் அவர்தான். அந்தப் பையில் இந்த எட்டுத் தாளும் இருந்தால் என்ன? கேட்க ஐந்து, பத்து நிமிடம் போதும். ஒருநாள் கோடு கீழே போனால் பதற வேண்டாம். அடுத்த முறையும், அதற்கடுத்த முறையும் கீழேயே இருந்தால் மாவட்ட மனநலக் குழுவுக்குச் சொல்லலாம். 2022 அக்டோபரில் தொடங்கிய டெலி மானஸ் 14416 எண்ணும் இருக்கிறது. நல்ல சேவை, ஆனால் அது பேச முடிந்தவர்களுக்கு. இவருக்கு யாராவது நேரில் போய், அவரது இடது கையில் ஒரு பென்சிலைக் கொடுத்துத்தான் கேட்க வேண்டும்.