பின்னிணைப்பைக் கத்தரிப்பவர்களுக்கு

டோல்கீனின் 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' பற்றிப் பேச்செடுக்கும்போதெல்லாம் இலக்கிய நண்பர்களிடமிருந்து தவறாமல் ஒரு தீர்ப்பு வந்து விழுகிறது. கதை வரைக்கும் சரியாம். பின்னால் சேர்த்துக் கட்டிய பக்கங்களெல்லாம் வெறும் கணக்குப்பிள்ளை வேலையாம். அதிலும் 'டி' என்ற பின்னிணைப்பில் வரும் நாட்காட்டி விளக்கத்தைச் சொன்னால் கேலி இரட்டிப்பாகிறது. இல்லாத ஊருக்குப் பஞ்சாங்கம் எதற்கு என்கிறார்கள். இதை இதுவரை சிரித்துக் கடந்திருக்கிறோம். இனி அப்படிக் கடப்பதற்கில்லை. அந்நாவலின் ஆகத் துயரமான செய்தி கதைக்குள் இல்லை, அந்தப் பஞ்சாங்கத்துக்குள்தான் இருக்கிறது என்பதே நமது கட்சி.

முதலில் கணக்கைப் பார்த்துவிடுவோம். ஹாபிட்டுகளின் ஷயர் நாட்டில் மாதம் பன்னிரண்டு, ஒவ்வொன்றுக்கும் முப்பது நாள். மிஞ்சும் ஐந்து நாட்கள் எந்த மாதத்தையும் சேராதவை. ஆண்டு மாறும் இடத்தில் இரண்டு, நடுக்கோடையில் மூன்று. லீப் ஆண்டில் கோடையில் இன்னொன்று கூடும். பின்னாளில் அவர்கள் ஒரு சீர்திருத்தம் செய்கிறார்கள். ஆண்டின் நடுநாளுக்கும் லீப் நாளுக்கும் கிழமை கிடையாது என்று விதித்துவிடுகிறார்கள். எஞ்சுவது 364 நாள், துல்லியமாக 52 வாரம். ஆகவே ஒவ்வொரு தேதியும் எல்லா ஆண்டிலும் ஒரே கிழமையில் விழும். எந்த மாதமும் வெள்ளிக்கிழமையில் பிறக்காது என்பதால் 'முதல் தேதி வெள்ளிக்கிழமை' என்பது அவ்வூரில் நடக்காத காரியத்தைக் குறிக்கும் நகைச்சுவை ஆகிவிடுகிறது. கடிதத்தில் கிழமை எழுதும் வழக்கமே அற்றுப்போகிறது. வீட்டுக்குள் இருக்கும்வரை வசதி; பக்கத்து ஊரான பிரீயைத் தாண்டிவிட்டால் இந்தக் கணக்கு செல்லாது. ஒரு சமூகம் தன் வேலிக்குள் எவ்வளவு நிம்மதியாக உறங்குகிறது என்பதைச் சொல்ல இதைவிடச் சிக்கனமான வழி உண்டா?

இது வெறும் விளையாட்டு என்பவர்களுக்கு ஒரு தகவல். கிழமையற்ற நாள் என்கிற இதே யோசனை 'உலக நாட்காட்டி' என்ற பெயரில் ஐ.நா.வின் பொருளாதார சமூக மன்றத்துக்கே போயிற்று. 1954இல் ஜெனீவாவில் அதற்காக வாதாடியவர் நம் மேகநாத் சாஹா. வாரச் சங்கிலி அறுந்துவிடும் என்று மதக் குழுக்கள் எதிர்த்தன, அமெரிக்காவும் உடன்படவில்லை, திட்டம் கிடப்பில் போடப்பட்டது. டோல்கீனின் முதல் பாகம் வெளியானதும் அதே 1954இல். பின்னிணைப்புகள் அடுத்த ஆண்டு மூன்றாம் பாகத்தோடு வந்தன. ஒன்றைப் பார்த்து மற்றொன்று பிறந்தது என்று நாம் சொல்லவில்லை. நாட்காட்டியைத் திருத்துவது எவ்வளவு பெரிய அரசியல் என்பதை உணராதவர்களே அதைக் கணக்குப்பிள்ளை வேலை என்பார்கள்.

இனி அந்தத் துயரத்துக்கு வருவோம். மார்ச் 25இல் மோதிரம் அழிகிறது, சௌரோன் வீழ்கிறான். கோண்டோரின் புதிய அரசன் ஆண்டுப் பிறப்பையே அந்த நாளுக்கு மாற்றுகிறான். (இங்கிலாந்திலும் 1751 வரை சட்டப்படி ஆண்டு பிறந்தது மார்ச் 25இல்தான், டோல்கீன் அறியாததல்ல.) ஃப்ரோடோவின் பிறந்த நாளான செப்டம்பர் 22 அங்கே திருவிழாவாகிறது. லீப் ஆண்டில் அத்திருநாளை இரண்டாக்கிக் கொண்டாடுகிறார்கள். அரசனின் நாடுகள் அனைத்தும் இக்கணக்கை ஏற்கின்றன, ஷயர் ஒன்றைத் தவிர. ஷயர் தன் பழைய கணக்கிலேயே தொடர்கிறது. அங்கே மார்ச் 25ஐயும் செப்டம்பர் 22ஐயும் எவரும் நினைவுகூர்ந்ததாகப் பதிவில்லை.

இதை ஒரே வாக்கியத்தில், குரல் உயர்த்தாமல், டோல்கீன் சொல்லிவிட்டுப் போகிறார். எந்த ஊரைக் காப்பாற்றப் போய் ஒருவன் தன்னை இழந்தானோ அந்த ஊரின் நாட்காட்டியில் அவனுக்கு ஒரு நாள் இல்லை. மேற்குப் பகுதியில் ஏப்ரல் 6 அன்று மைதானத்தில் ஆடுகிறார்கள். ஏனென்று கேட்டால் கிழவர் சாமின் பிறந்த நாள் என்கிறார் ஒருவர், பொன்மரம் முதலில் பூத்த நாள் என்கிறார் இன்னொருவர், எல்ஃபுகளின் புத்தாண்டு என்கிறார் வேறொருவர். பக்லாந்தில் நவம்பர் 2 மாலையில் கொம்பு ஊதித் தீ வளர்த்து விருந்துண்கிறார்கள். அது மெர்ரி கொண்டுவந்த கொம்பு. உள்ளூரில் சண்டையிட்டவனுக்கும் மரம் நட்டவனுக்கும் நினைவு கிடைக்கிறது. உள்ளூர்ச் சண்டையில் வாளே எடுக்காத ஃப்ரோடோவுக்குக் கிடைக்கவில்லை.

இதைப் படித்த பிறகு கதையின் இறுதி அத்தியாயங்களுக்குத் திரும்பிப் பாருங்கள். அக்டோபர் 6, கத்தியால் குத்துப்பட்ட நாள். மார்ச் 13, சிலந்தி கொட்டிய நாள். ஆண்டுதோறும் அத்தேதிகளில் ஃப்ரோடோ நோயில் விழுகிறான். ஊர் மறந்த கணக்கை அவன் உடல் வைத்திருக்கிறது. அவன் ஏன் கப்பலேறினான் என்று இனியும் கேட்கத் தோன்றுமா?

எல்லாவற்றையும் கண்மூடிப் புகழ்வது நமது நோக்கமன்று. கிழமைப் பெயர்களை இரண்டு எல்ஃப் மொழிகளில் அடுக்கும் பக்கங்களில் நாமும் கொட்டாவி விட்டிருக்கிறோம். டோல்கீனைப் பார்த்துச் சூடு போட்டுக்கொண்ட பிற்கால மிகைபுனைவுகள் பலவற்றில் வானத்தில் இரண்டு நிலாவும் வாயில் நுழையாத பதின்மூன்று மாதப் பெயர்களும் இருக்கின்றன. அந்த மாதங்களில் எவரும் கடன் அடைப்பதில்லை, எவருக்கும் பழைய காயம் வலிப்பதில்லை. நண்பர்களின் கேலி அவற்றுக்குப் பொருந்தும், தாராளமாகச் செய்யட்டும்.

1968இல் பிரிட்டனில் வெளிவந்த ஒரே தொகுதிப் பதிப்பு, அரகோர்ன்-ஆர்வென் கதை ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு மற்றப் பின்னிணைப்புகளைக் கத்தரித்துவிட்டது. அதை வாசித்தவர்களுக்குக் கப்பல் புறப்பட்டது தெரியும். அதற்குப் பிறகு கரையில் நடந்தது தெரியாது. முழுப் பதிப்பு கையில் இருந்தும் கடைசிப் பக்கங்களைப் புரட்டாத நம் நண்பர்கள் தம் கையாலேயே அதே கத்தரியைப் போட்டுக்கொள்கிறார்கள்.