கண்ணம்மாவுக்கு வீடு எங்கே?



நகரத்து நடுத்தரக் குடும்பத்தின் வரவு செலவை விசுவைப் போலச் சினிமாவில் எழுதி, இயக்கி, தானே நடித்தும் காட்டியவர்கள் தமிழில் குறைவு. மேடை நாடகத்திலிருந்து வந்தவர், கே. பாலச்சந்தரிடம் உதவியாளராக இருந்தவர். 1981இல் 'குடும்பம் ஒரு கதம்பம்' படத்தில் நடித்தார், 1982இல் 'மணல் கயிறு' இயக்கினார். 1986இல் ஏவி.எம். தயாரித்த 'சம்சாரம் அது மின்சாரம்' தேசிய விருது வாங்கியது. பிறகு தொலைக்காட்சியில் அரட்டை அரங்கம். 2020 மார்ச்சில் காலமானார். எனக்கும் அவர் படங்களைப் பார்த்தால் சிரிப்பு வரும். வங்கியில் நாள் பூரா அடுத்தவன் பணத்தை எண்ணுகிறவனுக்கு, மகன் அப்பனிடம் கணக்குப் பேசுகிற காட்சி சும்மா போகாது.

நம் பத்திரிகையில் விசுவுக்கு என்ன வேலை என்று கேட்பீர்கள். கண்ணம்மாதான் காரணம்.

புதுக்கடையிலிருந்து சென்னைக்கு வீட்டு வேலைக்குப் போய் வந்த சித்தி ஒருத்தி எனக்கு உண்டு. டிவியில் 'சம்சாரம்' ஓடியது. வேலைக்காரி கண்ணம்மாவாக மனோரமா அடித்த கூத்துக்கு விழுந்து விழுந்து சிரித்தவள் சட்டென்று கேட்டாள்: "ஏ மக்ளே, எல்லாவனுக்கும் சண்டெ போடியதுக்கு ஒரு முறி இருக்கு. இவளுக்க வீடு எங்கெ?"

பெயர்களைப் பாருங்கள். 'மணல் கயி'ற்றில் விசு நாரதர் நாயுடு. 'சம்சார'த்தில் அம்மையப்ப முதலியார். சாதி வாலோடு வருகிற பெரிய மனுசத்தனம், யாருக்கும் உறுத்தவில்லை. வேலைக்காரி மட்டும் வெறும் கண்ணம்மா. படத்தின் பாதிச் சிரிப்பைச் சுமக்கிறவள் அவள். அவளுடைய கூலியோ குடித்தனமோ கதையாகவில்லை.

அந்த வீட்டுக்குள் ஒரு கோடு போடுகிறார்கள், அந்தப் பக்கம் மகன், இந்தப் பக்கம் அப்பன். தமிழ்நாடே கண்ணீர் விட்டது. ஊர் வேறு சேரி வேறு என்று கிழித்த கோட்டுக்கு எந்தக் கொட்டகையில் எவன் அழுதான்? எங்கள் பக்கம் தெருவென்று வரிசையாகக் கிடையாது, விளையும் தோப்புமாக வீடுகள் தள்ளித் தள்ளி இருக்கும். ஆனாலும் 'காலனி' என்று சொல்லிப் பாருங்கள், எதிரே நிற்பவன் மூஞ்சியில் அந்தக் கோடு தெரியும்.

படத்தை முழுக்கத் தள்ளவும் மாட்டேன். முதலியார் மகள் கிறிஸ்தவப் பையனைக் கட்டுகிறாள். கடைசியில் மருமகள் உமா தனிக்குடித்தனம்தான் என்று தீர்மானமாகச் சொல்கிறாள், லட்சுமி அதைச் சொல்லும் நிதானம் இன்னும் கண்ணில் நிற்கிறது. 1986இல் அது துணிச்சல்தான். மதத்தைத் தாண்டிய படம் சாதிப் பேச்சை எடுக்கவில்லை.

இருபத்தெட்டு வருசம் கழித்து, 2014இல், பா. ரஞ்சித் 'மெட்ராஸ்' எடுத்தார். வியாசர்பாடி ஹவுசிங் போர்டு, ஒரு சுவர், அந்தச் சுவருக்காகப் போகிற உயிர்கள். விசு வீட்டுக்குள் போட்ட கோடு தெருவுக்கு வந்து சுவராக நின்றதுபோல் இருந்தது எனக்கு. காளி ஐ.டி. வேலைக்குப் போகிறான், அதே குடியிருப்புக்குத் திரும்புகிறான், கேமராவும் கூடவே வருகிறது. கண்ணம்மாவும் இப்படி ஒரு இடத்துக்குத்தான் திரும்பிப் போயிருப்பாள். ஆனால் அங்கேயும் கதை காளிக்கும் அவன் சேக்காளி அன்புக்கும்தான்.

ஆகவே அடுத்த இதழில் வீட்டு வேலைக்குப் போனவர்களுக்கு, போகிறவர்களுக்குப் பத்துப் பக்கம் ஒதுக்கியிருக்கிறோம். எத்தனை மணிக்கு எழும்பினீர்கள், எந்தத் தம்ளரில் காபி தந்தார்கள், மாசம் என்ன கிடைத்தது, ராத்திரி எங்கே படுத்தீர்கள், எழுதி அனுப்புங்கள். எழுதத் தெரியாதவர்கள் சொன்னால் போதும், சாயங்காலம் வங்கி விட்டு வந்து நான் எழுதிக்கொள்கிறேன். பேச்சு எப்படி வருகிறதோ அப்படியே அச்சாகும், திருத்த மாட்டோம்.