இலை போடும் முன் ஒரு நடை

கொடைக்கானலுக்குக் காரில் போகிறவர்களில் பெரும்பாலோர் திண்டுக்கல்லைப் பார்ப்பதில்லை. சாப்பிடுவதோடு சரி. நான்குவழிச் சாலையோரம் வண்டி நிற்கிறது. இலை விரிகிறது. சீரகச் சம்பா பிரியாணியும் வெங்காயப் பச்சடியும் தால்சாவும் வருகின்றன. முக்கால் மணி நேரத்தில் வண்டி வத்தலக்குண்டுப் பக்கம் திரும்பிவிடுகிறது. மலைக்கோட்டை கார்க் கண்ணாடி வழியே கொஞ்ச நேரம் தெரிந்து மறைகிறது. இந்த ஊரின் பெயரைச் சொல்லிச் சாப்பிட்டவர், ஊருக்குள் ஒரு தெருவில்கூடக் கால் வைத்திருக்க மாட்டார்.

உணவுப் பண்பாட்டைப் பற்றி எழுதியும் கற்பித்தும் வரும் எனக்கு இது நெடுநாள் வருத்தம். திண்டுக்கல்லின் புகழ் ஒரு தட்டுக்குள் சுருங்கிவிட்டது. அந்தத் தட்டுக்குப் பின்னால் இருக்கும் சந்தைகளையும் தெருக்களையும் மலைகளையும் மனிதர்களையும் காட்ட ஒரே வழிதான் உண்டு: ஊரை நன்கு அறிந்த வழிகாட்டியோடு நடப்பது. ‘ஃபுட் வாக்’ என்று சென்னையிலும் டெல்லியிலும் சொல்கிறார்களே, அதுதான். மயிலாப்பூர் மாட வீதிகளிலும் சாந்தினி சவுக்கிலும் அது வேரூன்றிவிட்டது. திண்டுக்கல்லுக்கு அது அவற்றைவிட அதிகம் பொருந்தும் என்பது என் துணிபு.

இதை நான் உறுதியாக நம்பத் தொடங்கிய இடம் ரோம் நகரின் டெஸ்டாச்சோ பகுதி. கொலோசியத்தைத் தேடி வருகிறவர்கள் அங்கே அதிகம் போவதில்லை. காலையில் பத்துப் பேராக வழிகாட்டியின் பின்னால் நடந்தோம். முதலில் சாப்பிட எதுவும் தரவில்லை. சுமார் 35 மீட்டர் உயரமுள்ள ஒரு குன்றின் முன் நிறுத்தினார் அந்தப் பெண்மணி. அது மண்ணால் ஆன குன்று அல்ல. பழைய ரோமாபுரிக்குக் கப்பலில் வந்த எண்ணெயை இறக்கிவிட்டு, உடைத்துப் போட்ட சாடிகளின் ஓடுகள் குவிந்து குவிந்து குன்றாகிவிட்டன. அடுத்து பழைய இறைச்சிக்கூடம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் தொடங்கி 1975 வரை இயங்கியது. அங்கே வேலை செய்தவர்களின் கூலியில் ஒரு பகுதி குடலும் வாலும் ஈரலுமாகத்தான் கிடைத்தது. விலங்கின் நல்ல நான்கு கால்பங்கும் வசதியானவர்கள் வீட்டுக்குப் போன பின் மிஞ்சியதை அவர்கள் ‘ஐந்தாவது கால்பங்கு’ என்றார்கள். அந்த மிச்சத்தைத் தொழிலாளர் வீட்டுப் பெண்களும் சிறு விடுதிகளும் பக்குவமாகச் சமைத்தார்கள். மாட்டுவால் குழம்பு இன்று ரோமின் பெருமைக்குரிய பண்டம். இதையெல்லாம் கேட்டுவிட்டுக் கடைசியில்தான் தட்டின் முன் உட்கார்ந்தோம். நான் அப்போது நினைத்தது எங்கள் பேகம்பூரை.

பேகம்பூரில் தோல் ஷாப்புகள் இருந்த தெருக்களில் இன்றும் அந்த வாடை முழுதாகப் போய்விடவில்லை. ஆட்டுத்தோலை ஆவாரம்பட்டையில் ஊறவைத்துப் பதப்படுத்தும் தொழிலால் திண்டுக்கல் பல தலைமுறைகளாகப் பிழைத்தது. தோல் கப்பலேறிப் போனது. கறி கசாப்புக்கடைக்கும், அங்கிருந்து கல்யாண வீடுகளின் தேக்சாவுக்கும் போனது. தலைக்கறி, குடல், சுவரொட்டி, ரத்தப் பொரியல் ஆகியவை யார் வீட்டு அடுப்புக்குப் போயின என்று யோசித்தால், நம் ஊருக்கும் ஓர் ஐந்தாவது கால்பங்கு இருந்தது புரியும். தோலும் கறியும் ஒரே ஆட்டிலிருந்து வந்தவை. ஒரு தொழிலை மறைத்துவிட்டு மற்றொன்றின் ருசியைப் பேச முடியாது. தோல் ஷாப்புக் கழிவு சுற்றுப்புறக் கிணறுகளின் தண்ணீரை உப்பாக்கி, விவசாயத்தைக் கெடுத்த கதையும் இதே தெருவில்தான் சொல்லப்பட வேண்டும். நல்ல வழிகாட்டி அதை விழுங்கிவிட்டு அடுத்த கடைக்கு நகர மாட்டார்.

சொல்லக் கூடாததும் ஒன்று உண்டு. ஹைதர் அலி 1755-ல் திண்டுக்கல் ஃபௌஜ்தாராக (படைத் தலைவராக) வந்தார். அவருடைய சகோதரி அமீருன்னிசா பேகம் அடக்கமாகியிருக்கும் இடமே பேகம்பூர் பெரிய பள்ளிவாசல். இவ்வளவும் வரலாறு. உடனே ‘ஹைதரின் படையோடுதான் பிரியாணி வந்தது’ என்று முடிச்சுப் போட்டுவிடுகிறார்கள். கேட்க நன்றாக இருக்கிறது என்பதற்காக ஒரு கதையை வரலாறாக்கக் கூடாது. உறுதியாகச் சொல்லத் தக்கது வேறு இருக்கிறது: 1957-ல் நாகசாமி நாயுடு ‘ஆனந்த விலாஸ்’ என்று ஒரு பிரியாணிக் கடை வைத்தார். அவர் எப்போதும் கட்டியிருந்த தலைப்பாகையே ஊர் வாயில் கடையின் பெயராயிற்று. ஒரு மனிதரின் தலைத்துணி ஒரு பண்டத்தின் பெயராகிக் கடல் கடந்து போயிருக்கிறது. இதற்கு மேல் கற்பனை எதற்கு?

நடையை எங்கே தொடங்குவது? காலை 6 மணிக்குக் காந்தி மார்க்கெட்டிலும் அடுத்து வெங்காயப் பேட்டையிலும் என்பேன். பிரியாணியின் பாதி ரகசியம் அங்கே சாக்கு மூட்டையில் இருக்கிறது. திண்டுக்கல் சமவெளியின் செம்மண்ணில், கிணற்றுப் பாசனத்தில் விளையும் சின்ன வெங்காயம் பல்லாரியைப் போல நீர்விட்டுக் குழைவதில்லை. வதங்க வதங்க இனிப்பேறும். கமிஷன் மண்டியில் மூட்டையைப் பிரித்துக் கொட்டி, தாளும் வேரும் கிள்ளி, பொடி வேறு பருவெட்டு வேறு என்று பெண்கள் ஆய்ந்து போடும் வேகத்தைப் பார்க்க வேண்டும். ஒருமுறை மாணவர்களோடு போனபோது அப்படி ஆய்ந்துகொண்டிருந்த ஓர் அக்கா, ஒரு வெங்காயத்தை எடுத்து விரலால் அழுத்தி, “இங்க பாருங்க தம்பி, கழுத்து கெட்டியா இருந்தா ரெண்டு மாசம் தாங்கும். மெத்துனு இருந்தா இன்னைக்கே குழம்புல போட்டுறணும்” என்றார். எந்தச் சமையல் புத்தகத்திலும் அந்த வரியை நான் படித்ததில்லை.

திண்டுக்கல் பிரியாணியில் காரம் தருவது மிளகாயைவிட மிளகு. தக்காளி குறைவு. புளிப்புக்குத் தயிரும் எலுமிச்சையும். கறியைச் சிறு துண்டுகளாகவே போடுவார்கள். இந்தப் பக்குவத்துக்கான காரணத்தைத் தேடினால் கண் மலைப்பக்கம் திரும்பும். கிழக்கே சிறுமலை, மேற்கே பழனி மலையின் கீழ்ச்சரிவில் தாண்டிக்குடி, பண்ணைக்காடு. மிளகும் காப்பியும் எலுமிச்சையும் அங்கிருந்து இறங்குகின்றன. கொடைக்கானல் மலைப்பூண்டுக்குப் புவிசார் குறியீடே கிடைத்திருக்கிறது. அரிசி மட்டும் இந்த மேட்டுநிலத்தின் பயிர் அல்ல. இங்கே சாமானியர் உண்டது கம்பும் சோளமும். கம்மங்கூழும் களியும் வயிற்றை நிரப்பிய ஊரில் சீரகச் சம்பா என்பது விசேஷத்துக்கு வெளியூரிலிருந்து வரவழைத்த அரிசி. பிரியாணி இங்கே அவ்வளவு மதிப்போடு பார்க்கப்பட்டதற்கு அதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். அதனால்தான் நடையின் நடுவே, வெயில் ஏறும் நேரத்தில், தள்ளுவண்டியில் ஒரு சொம்பு கம்மங்கூழும் மோர்மிளகாயும் கட்டாயம் இருக்க வேண்டும். அதைக் குடிக்காமல் பிரியாணியின் முன் உட்காருகிறவருக்கு இந்த மண்ணின் பாதிதான் தெரியும்.

சிறுமலை வாழைப்பழத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். தோல் தடித்து, உள்ளே ஈரமில்லாமல் கற்கண்டாக இருக்கும். ஒரு காலத்தில் மலை முழுக்க இருந்த தோட்டங்களை முடிக்கொத்து நோய் அழித்தது. மிஞ்சியவற்றைப் பெரும்பாட்டுடன் மீட்டார்கள். சிறுமலை, விருப்பாச்சி மலைவாழைகள் இரண்டும் புவிசார் குறியீடு பெற்றவை. சாலை எட்டாத தோட்டங்களிலிருந்து இன்றும் குதிரை முதுகில்தான் தார் இறங்குகிறது. பழனிப் பஞ்சாமிர்தத்துக்கு 2019-ல் குறியீடு கிடைத்தபோது நாடே கொண்டாடியது. அதில் பிசையப்படும் விருப்பாச்சிப் பழம் நம் மாவட்டத்து மலையில் விளைகிறது என்பது கார்க் கண்ணாடி வழியே பார்த்துப் போனவருக்கு எப்படித் தெரியும்?

ரயில் பாதைக்கு அந்தப்பக்கம் நாகல் நகர். தறிச்சத்தத்தோடு சௌராஷ்டிரர் வாழ்ந்த தெருக்கள். அங்கே முள்ளுமுருங்கை இலையை அரிசியோடு அரைத்து, பச்சை நிறத்தில் பொரித்தெடுக்கும் வடையில் சளிக்கு மருந்தும் இருக்கிறது, சாயங்காலப் பசிக்கு ருசியும் இருக்கிறது. பேகம்பூரின் தால்சாவும் நாகல் நகரின் முள்ளுமுருங்கையும் ஒரே நாளில், நடந்தே, ஒரு மனிதருக்குக் கிடைக்கும் ஊர்கள் அதிகம் இல்லை.

யார் வழிகாட்டுவது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. ஊரில் அரசு மகளிர் கல்லூரி இருக்கிறது. பக்கத்தில் 1956-ல் பிறந்த காந்திகிராம கிராமிய நிறுவனம் இருக்கிறது. இங்கே வரலாறும் மனையியலும் படிக்கும் உள்ளூர்ப் பிள்ளைகள் முப்பது பேருக்கு மூன்று மாதம் பயிற்சி கொடுங்கள். மண்டிக்காரர், கசாப்புக்கடைக்காரர், சமையல் மாஸ்டர் ஆகியோர் அவர்களுக்கு வகுப்பெடுக்கட்டும். அவர்களுக்கும் அதற்குச் சம்பளம் கொடுங்கள். நடைக்குப் பத்துப் பேருக்கு மேல் வேண்டாம். கட்டணத்தில் ஒரு பங்கு, நின்று பார்த்த ஒவ்வொரு கடைக்கும், வெங்காயம் ஆயும் பெண்களுக்கும் அன்றன்றே போய்ச் சேர வேண்டும். வேடிக்கை பார்த்துவிட்டுப் படம் எடுத்துக்கொண்டு போவதற்கு அவர்கள் கண்காட்சிப் பொருள்கள் அல்லர். மாநகராட்சியும் சுற்றுலாத் துறையும் இதை ஏற்று நடத்தினால், சாலையோர வியாபாரிகளுக்கான 2014-ஆம் ஆண்டுச் சட்டம் தரும் பாதுகாப்பை முதலில் இந்தத் தள்ளுவண்டிகளுக்கு உறுதி செய்ய வேண்டும். ‘அழகுபடுத்துதல்’ என்ற பெயரில் கூழ் வண்டியை அகற்றிவிட்டு அந்த இடத்தில் பெயர்ப்பலகை வைப்பதை நான் வேறு ஊர்களில் பார்த்து நொந்திருக்கிறேன்.

கூட்டம் மிஞ்சினால் என்ன ஆகும் என்பதற்கும் இத்தாலியே பாடம். ஃபிளாரன்ஸ் நகரில் ரொட்டியைக் கையில் வைத்துக்கொண்டு தெருவெல்லாம் உட்கார்ந்து சாப்பிட்ட கூட்டத்தைத் தாங்க முடியாமல், 2018-ல் சில தெருக்களில் நடைபாதையில் உட்கார்ந்து சாப்பிட்டாலே அபராதம் என்று ஆணை போட வேண்டியதாயிற்று. ஊர் மக்கள் தங்கள் தெருவிலேயே நடக்க முடியாமல் போன பிறகு வந்த விதி அது. நாம் கூட்டம் வரும் முன்பே அளவை வைத்துக்கொள்ளலாம்.

முதல் நடை எப்போது என்று கேட்டால் என்னிடம் ஒரு நாள் இருக்கிறது. ஆகஸ்ட் தொடக்கத்தில் முத்தழகுபட்டி புனித செபஸ்தியார் ஆலயத் திருவிழா. நேர்த்திக்கடனாக ஆடும் கோழியும் அரிசியும் தக்காளியும் வந்து குவியும். எல்லாச் சமயத்தாரும் கொண்டுவந்து கொடுப்பார்கள். ஊரே சேர்ந்து வெங்காயம் உரித்து, கறி வெட்டி, பெரிய பெரிய அண்டாக்களில் சமைத்து, மாலையில் தொடங்கிய பந்தி விடிய விடிய நடக்கும். யாரும் யாரையும் என்ன மதம், எந்த ஊர் என்று கேட்பதில்லை. பயிற்சி முடித்த அந்த முப்பது பிள்ளைகளும் அன்றைக்குப் பகல் முழுக்க வெங்காயம் உரித்துவிட்டு, இரவு பந்தியில் உட்கார்ந்து சாப்பிடட்டும். மறுநாள் காலை 6 மணிக்குக் காந்தி மார்க்கெட் வாசலில் முதல் பத்து விருந்தாளிகளை அவர்கள் வரவேற்கட்டும்.

(கட்டுரையாளர், உணவுப் பண்பாட்டு ஆய்வாளர்)