பரணில் தூங்கும் பழைய பிஎஸ்பி-யை 'அன்லாக்' செய்யலாமா? கருவி கெடாமல், சட்டச் சிக்கல் வராமல் இருக்க என்ன செய்ய வேண்டும்?

பண்டிகைக்கு ஊருக்குப் போய் வீட்டைச் சுத்தம் செய்யும்போது பரணிலிருந்து ஒரு பழைய அட்டைப்பெட்டி கீழே இறங்குகிறது. உள்ளே, பள்ளி நாட்களில் வாரக்கணக்கில் கெஞ்சி வாங்கிய சோனி பிஎஸ்பி. சார்ஜரைச் செருகினால் ஆரஞ்சு விளக்கு எரிகிறது. இன்னும் உயிர் இருக்கிறது!

சரி, இதை வைத்து இப்போது என்ன செய்வது? கையில் இரண்டு மூன்று டிஸ்க்தான். புதிதாக கேம் வாங்க, கருவிக்குள் இருந்த கடையும் மூடியாகிவிட்டது. யூடியூபில் தேடினால் '5 நிமிஷத்துல அன்லாக் பண்ணலாம்' என்று வரிசையாக வீடியோக்கள். செய்யலாமா? கருவி செத்துவிடுமா? போலீஸ் கேஸ் ஆகுமா?

சுருக்கமான பதில்: செய்யலாம். ஆனால் ஒரு விஷயத்தை முதலிலேயே பிரித்துப் பார்த்துக்கொள்ளுங்கள். உங்கள் கருவியின் பூட்டைத் திறப்பது ஒன்று. திறந்தபின் உள்ளே எதைக் கொண்டுவந்து வைக்கிறீர்கள் என்பது வேறொன்று. நம் நாட்டுச் சட்டமும் கிட்டத்தட்ட இந்தக் கோட்டில்தான் நிற்கிறது.

இப்போது ஏன் இந்தப் பேச்சு?

பிஎஸ்பி 2004 டிசம்பரில் ஜப்பானில் அறிமுகமானது. 7.5 கோடிக்கும் மேல் விற்ற கருவி. 2014-ல் சோனி விற்பனையை நிறுத்தியது. 2021 ஜூலையில், கருவியிலிருந்தே கேம் வாங்கும் வசதியும் நின்றுபோனது.

இது சோனியின் கதை மட்டுமல்ல. நின்டெண்டோ 2023 மார்ச்சில் 3டிஎஸ், வீ யூ ஆகிய கன்சோல்களின் இணையக் கடையை மூடியது. 2024 ஏப்ரலில் அவற்றின் ஆன்லைன் விளையாட்டுச் சேவையையும் நிறுத்தியது. யூபிசாஃப்ட் நிறுவனத்தின் 'தி க்ரூ' என்ற கார் பந்தய கேம், 2024 மார்ச் 31-ம் தேதி சர்வர் அணைந்ததும், காசு கொடுத்து வாங்கியவர்களுக்கும் வேலை செய்யாமல் போனது.

அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-ல் வெளியிட்ட ஆய்வு, அந்நாட்டில் வெளியான பழைய கேம்களில் 87 சதவீதம் இன்று எந்தக் கடையிலும் விற்பனைக்கு இல்லை என்றது. வாங்க நினைத்தாலும் வழி கிடையாது. ஆகவே 'என் கருவியை நானே திறந்து பயன்படுத்திக்கொள்கிறேன்' என்ற குரல் உலகம் முழுக்க வலுக்கிறது.

ஹோம்ப்ரூ என்றால் என்ன?

கன்சோல் தயாரித்த நிறுவனத்தின் அனுமதி முத்திரை இல்லாமல், ஆர்வலர்கள் தாங்களே எழுதி வெளியிடும் மென்பொருள்தான் ஹோம்ப்ரூ. புதிய கேம்கள், பிடிஎஃப் படிக்கும் செயலி, மியூசிக் பிளேயர், சேமித்த ஆட்டங்களை பேக்கப் எடுக்கும் கருவி எனப் பல வகை உண்டு. பெரும்பாலும் இலவசம்.

'ஹோம்ப்ரூன்னா திருட்டு கேம்தானே?' என்று பலர் நினைக்கிறார்கள். டூம் கேமைப் பாருங்கள். அதன் மூல நிரலை உருவாக்கியவர்களே 1997-ல் பொதுவில் விட்டார்கள். அதை பிஎஸ்பி-க்கு ஏற்ப மாற்றி ஓட்டுவதில் தவறில்லை. இலவசமாகப் பகிர அனுமதித்த முதல் அத்தியாயத்தைப் போட்டு விளையாடலாம். ஆனால் முழு கேமின் படங்கள், ஒலிகள், தளங்கள் அடங்கிய டேட்டா ஃபைல் இன்றும் விற்பனைப் பொருள். அதை வாங்கித்தான் ஆக வேண்டும். ஒரே கேமுக்குள்ளேயே கோடு எங்கே ஓடுகிறது என்பது இதில் தெரிகிறது.

பூட்டு எப்படித் திறந்தது?

பிஎஸ்பி, சோனியின் டிஜிட்டல் கையொப்பம் உள்ள மென்பொருளை மட்டுமே ஏற்கும். அதுதான் பூட்டு.

2007-ல் பரவிய 'பண்டோரா பேட்டரி' ஒரு விசித்திரமான வழி. பேட்டரிக்குள் இருக்கும் சிப்பில் வரிசை எண்ணை மாற்றினால், பிஎஸ்பி அதைத் தொழிற்சாலைச் சேவை பேட்டரி என்று நம்பி, மெமரி கார்டில் இருக்கும் பழுதுநீக்கும் மென்பொருளை ஓட்டத் தொடங்கிவிடும். செத்த கருவிகளைக்கூட இது எழுப்பியது. ஆனால் 1000 மாடலிலும் ஆரம்பகால 2000 மாடலிலும் மட்டுமே இது பலித்தது. 3000-ல் இந்த வழியை சோனி அடைத்துவிட்டது.

பெரிய திருப்பம் 2010 டிசம்பரில் வந்தது. பெர்லினில் நடந்த ஹேக்கர் மாநாட்டில், பிளேஸ்டேஷன் 3-ன் கையொப்ப முறையில் இருந்த ஓட்டையை ஒரு குழு விளக்கியது. அந்தக் கன்சோலுக்குள் பிஎஸ்பி கேம்களை ஓட்டும் பகுதியும் இருந்ததால், பிஎஸ்பி-யின் சாவிகளும் அடுத்த சில வாரங்களில் வெளிவந்தன. அதன்பின் ஹோம்ப்ரூவுக்கும் 'சரியான' கையொப்பம் போட முடிந்தது. இன்று ஸ்க்ரூ டிரைவரைத் தொடாமலே இந்த வேலை முடிவது அதனால்தான்.

முதலில் பேட்டரியைப் பாருங்கள்

மென்பொருள் பிறகு. 10 வருஷமாகப் பெட்டிக்குள் கிடந்த லித்தியம் பேட்டரிதான் உங்கள் வீட்டுக்குள் இருக்கும் நிஜமான ஆபத்து. மூடி தூக்கிக்கொண்டு நிற்கிறதா? பேட்டரியை மேசையில் வைத்தால் ஆடுகிறதா? அப்படியென்றால் உப்பியிருக்கிறது. உடனே சார்ஜரைக் கழற்றுங்கள். அழுத்தவோ குத்தவோ வேண்டாம். குப்பைத்தொட்டியிலும் போடாதீர்கள், மின்கழிவு சேகரிப்பு மையத்தில் கொடுங்கள்.

'பேட்டரி இல்லாட்டி என்ன, சார்ஜரிலேயே ஓட்டிக்கலாம்' என்று தோன்றும். விளையாட அது போதும். சிஸ்டம் அப்டேட் செய்யும்போது போதாது; அதற்கு சார்ஜரும் வேண்டும், நல்ல பேட்டரியும் வேண்டும். நடுவில் கரண்ட் போனால் கருவியைக் காப்பாற்றுவது அந்த பேட்டரிதான்.

தற்காலிகமா, நிரந்தரமா?

பாதுகாப்பின் மையமே இந்தக் கேள்வி.

தற்காலிக முறையில், மாற்று மென்பொருள் கருவியின் நினைவகத்தில் ஏறி ஓடும். முழுவதுமாக ஆஃப் செய்து ஆன் செய்தால் பழைய சோனி மென்பொருளே திரும்பி வரும். ஒவ்வொரு முறையும் ஒரு ஐகானைத் தட்டித் தொடங்க வேண்டும். தொல்லை அவ்வளவுதான்.

நிரந்தர முறையில், கருவி விழித்தெழும் பகுதியிலேயே மாற்றம் எழுதப்படுகிறது. வசதிதான். ஆனால் எழுதும்போது பேட்டரி தீர்ந்தாலோ, மாடலுக்குப் பொருந்தாத ஃபைலைப் போட்டாலோ பிஎஸ்பி திரும்ப எழாமல் போகலாம். 'பிரிக்' ஆவது என்பது இதைத்தான். செங்கல்லுக்கும் அதற்கும் வித்தியாசம் இருக்காது. 3000 மாடல் வைத்திருப்பவர்களுக்கு பண்டோரா வழியும் இல்லை என்பதை மறக்காதீர்கள்.

ஆகவே இந்த வரிசையில் போங்கள்:

1. கருவியில் அச்சிட்டுள்ள மாடல் எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். செட்டிங்ஸில் சிஸ்டம் இன்ஃபர்மேஷன் பக்கத்தில் மென்பொருள் பதிப்பைப் பாருங்கள்.

2. யூஎஸ்பி கேபிளில் கணினியோடு இணைத்து, மெமரி கார்டில் உள்ள அனைத்தையும் நகலெடுங்கள். பழைய ஆட்டங்கள் 'சேவ்டேட்டா' ஃபோல்டரில் இருக்கும். கருவியைவிட அதுதான் சிலருக்குப் பொக்கிஷம்.

3. சோனியின் கடைசி அதிகாரபூர்வப் பதிப்பு 6.61; வெளியானது 2015-ல். பழைய பதிப்பு இருந்தால் முதலில் இதற்கு மாறுங்கள்.

4. ஆர்க்-4 போன்ற, மூல நிரல் வெளிப்படையாக உள்ள மாற்று மென்பொருளைத் தற்காலிக முறையில் சில வாரம் ஓட்டிப் பாருங்கள்.

5. அதுவே போதும் என்றால் அங்கேயே நில்லுங்கள். நிரந்தரமாக மாற்றத்தான் வேண்டும் என்றால், முதலில் கருவியின் உள்நினைவகத்தை முழு பேக்கப் எடுத்துக் கணினியில் வையுங்கள். பேட்டரி நிறைந்திருக்க, சார்ஜர் செருகியிருக்கச் செய்யுங்கள். திரையில் 'முடிந்தது' என்று வரும்வரை எதையும் தொடாதீர்கள்.

எங்கே ஏமாறுகிறோம்?

மெமரி கார்டில். பிஎஸ்பி-யின் மெமரி ஸ்டிக் புரோ டியோ கார்டுகள் இப்போது அரிது. மைக்ரோ எஸ்டி கார்டைச் செருகும் அடாப்டர் நல்ல மாற்று. ஆனால் '128 ஜிபி' என்று அச்சிட்டு உள்ளே அதில் கால்வாசிகூட இல்லாத போலி கார்டுகள் நிறைய. ஃபைல் பாதியில் கெட்டுப்போக, கருவிமீது பழி விழும். கார்டு வாங்கியதும் கொள்ளளவைச் சோதிக்கும் இலவச மென்பொருளால் பரிசோதித்துவிடுங்கள்.

டவுன்லோடில். மாற்று மென்பொருளுக்கு யாராவது காசு கேட்டால், கணினியில் ஆன்டிவைரஸை அணைக்கச் சொன்னால், பாஸ்வேர்டு போட்ட ஜிப் ஃபைல் கொடுத்தால், அந்த இடத்திலேயே திரும்பி விடுங்கள். அலுவலக லேப்டாப்பில் இந்த வேலை வேண்டவே வேண்டாம். பிஎஸ்பி செத்தால் பிஎஸ்பி-யோடு போச்சு. லேப்டாப்பில் ஏதாவது புகுந்தால் ஐடி டீமுக்கு என்ன பதில் சொல்வீர்கள்?

வைஃபையில். இன்றைய வீட்டு ரவுட்டர்கள் பயன்படுத்தும் டபிள்யூபிஏ-2 பாதுகாப்பு முறை சோனியின் பிஎஸ்பி மென்பொருளுக்குத் தெரியாது. அதற்காக வீட்டு வைஃபையின் பாதுகாப்பைக் குறைக்காதீர்கள். கேபிள் இருக்கிறதே.

இந்தியச் சட்டம் என்ன சொல்கிறது?

பதிப்புரிமைச் சட்டம் 1957-ல் வந்தது. 2012-ல் செய்த திருத்தம் 65ஏ என்ற பிரிவைச் சேர்த்தது. பதிப்புரிமையைக் காக்கும் தொழில்நுட்பப் பூட்டை, அந்த உரிமையை 'மீறும் நோக்கத்தோடு' உடைப்பவருக்கு 2 ஆண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு என்கிறது அது. சட்டம் தடை செய்யாத ஒரு காரியத்துக்காகச் செய்வதை இந்தப் பிரிவு தடுக்காது என்றும் சொல்கிறது.

'நோக்கம்' என்ற சொல் இருப்பது பெரிய வித்தியாசம். அமெரிக்காவின் டிஎம்சிஏ சட்டத்தில் பூட்டை உடைப்பதே தனிக் குற்றமாக வைக்கப்பட்டிருக்கிறது. அங்கே 3 ஆண்டுக்கு ஒரு முறை விலக்கு கேட்டு மன்றாட வேண்டியிருக்கிறது. கன்சோலில் டிஸ்க் டிரைவைப் பழுதுபார்க்க மட்டும் 2021-ல் ஒரு விலக்கு கிடைத்தது. யூடியூபில் அமெரிக்கர்கள் சொல்லும் சட்ட எச்சரிக்கையை அப்படியே நமக்குப் பொருத்திப் பார்க்க முடியாது என்பதற்காக இதைச் சொல்கிறோம்.

அடுத்து 52-வது பிரிவு. கணினி நிரலை முறையாக வைத்திருப்பவர், அது தொலைந்தோ கெட்டோ போனால் உதவும் என்று பேக்கப் நகல் எடுப்பது உரிமை மீறல் ஆகாது. மாற்று மென்பொருள் போட்ட பிஎஸ்பி-யை யூஎஸ்பி-யில் இணைத்து, உங்கள் சொந்த யூஎம்டி டிஸ்க்கையே கணினிக்கு நகலெடுக்கலாம். டிஸ்க் சுற்றும் டிரைவ் பழுதாகும் வயதில் இருக்கும்போது இது பெரிய உதவி. ஆனாலும் கவனம்: அந்தப் பிரிவு பேசுவது கணினி நிரலைப் பற்றி. கேமுக்குள் இசை, ஓவியம், வீடியோ எனத் தனித்தனி உரிமைகளும் உண்டு. அந்த நகல் உங்கள் வீட்டைத் தாண்டக் கூடாது.

'நானும் அந்த கேமை அப்பவே காசு கொடுத்து வாங்கினவன்தானே, நெட்டுல எடுத்தா என்ன?' என்றால், உங்கள் டிஸ்க்கிலிருந்து நீங்கள் நகலெடுக்கச் சட்டம் இடம் தருகிறது. முகம் தெரியாத ஒருவர் ஏற்றிய பிரதியை அது சுத்தப்படுத்திவிடாது. மீறல் பிரதி என்று தெரிந்தே கணினி நிரலைப் பயன்படுத்தினால் 63பி பிரிவின்கீழ் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறையும், ரூ.50,000 முதல் ரூ.2 லட்சம் வரை அபராதமும் விதிக்கலாம். லாப நோக்கமோ வியாபாரமோ இல்லையென்றால் நீதிமன்றம் சிறையைத் தவிர்த்து ரூ.50,000 வரை அபராதத்தோடு விடலாம்.

கடையில் கொடுத்துச் செய்யலாமா?

டெல்லி பாலிகா பஜார், மும்பை லேமிங்டன் ரோடு, சென்னை ரிச்சி தெரு மாதிரி ஒவ்வொரு பெருநகரத்திலும் எலெக்ட்ரானிக்ஸ் சந்தை உண்டு. பலரும் அறியாத ஒரு வரி 65ஏ-வில் இருக்கிறது. இன்னொருவருக்காகப் பூட்டைத் திறந்துகொடுக்க உதவுபவர், அவருடைய பெயர், முகவரி, எதற்காகச் செய்தார் என்ற விவரம் ஆகியவற்றை முழுமையாகப் பதிவுசெய்து வைக்க வேண்டும். 'திறந்து மட்டும் கொடுங்கள்' என்று கேட்பதும், '200 கேம் ஏத்தித் தர்றேன் சார்' என்பதற்குத் தலையாட்டுவதும் சட்டத்தின் கண்ணில் ஒன்றல்ல.

வியாபாரமாகச் செய்தால் என்ன ஆகும் என்பதற்கு உதாரணம் அமெரிக்காவில் இருக்கிறது. திருட்டு கேம் ஓட்டும் கருவிகளை விற்ற டீம் எக்ஸிக்யூட்டர் குழுவைச் சேர்ந்த ஒருவருக்கு 2022-ல் 40 மாதச் சிறை கிடைத்தது.

இதே வேலையைப் புது கன்சோலில் செய்யலாமா?

வேண்டாம். பழைய பிஎஸ்பி-யில் நீங்கள் இழக்கக்கூடியது அந்தக் கருவியை மட்டும்தான். புதிய கன்சோல்கள் எப்போதும் நிறுவனத்தின் சர்வரோடு பேசிக்கொண்டிருப்பவை. நின்டெண்டோ 2025 மே மாதம் அமெரிக்கப் பயனர்களுக்கான ஒப்பந்தத்தை மாற்றி, விதியை மீறினால் கருவியையே முழுதாகவோ பகுதியாகவோ பயன்படுத்த முடியாதபடி செய்யலாம் என்று எழுதிக்கொண்டது. கணக்கு முடங்கினால், அதில் காசு கொடுத்து வாங்கிய கேம்களும் சிக்கிக்கொள்ளும்.

உங்கள் பிஎஸ்பி ஏற்கெனவே செத்துவிட்டதா? பிபிஎஸ்எஸ்பிபி என்ற எமுலேட்டர் ஆண்ட்ராய்டில் பல வருஷமாக இருக்கிறது; ஆப்பிள் தன் விதியைத் தளர்த்தியபின் 2024 மே மாதம் ஐபோனுக்கும் வந்தது. கருவியைத் தொடாமலே ஹோம்ப்ரூ கேம்களை அதில் ஓட்டிப் பார்க்கலாம்.

இந்திய நுகர்வோர் விவகாரத் துறை 2022-ல் 'பழுதுபார்க்கும் உரிமை'க்கான வேலையைத் தொடங்கியபோது விவசாயக் கருவிகள், செல்போன், வீட்டு உபயோகச் சாதனங்கள், வாகனங்கள் ஆகியவற்றை எடுத்துக்கொண்டது. கேம் கன்சோல் என்று தனியாகக் குறிப்பிடவில்லை. விற்றவர் கைவிட்ட கருவியை வாங்கியவர் எதுவரை திறக்கலாம் என்ற கேள்வி அந்த மேசைக்கும் ஒருநாள் வந்தாக வேண்டும். அதுவரை, பேட்டரியைப் பாருங்கள், பேக்கப் எடுங்கள், தற்காலிக முறையோடு தொடங்குங்கள், உங்கள் டிஸ்க்கை மட்டும் நகலெடுங்கள். பரணிலிருந்து இறங்கியது திரும்பப் பரணேற வேண்டியதில்லை.