வெளுக்கும் மண்ணும் ஒட்டும் மண்ணும்

பூனை மணலைப் பற்றி இலக்கிய வாசகர்களிடம் பேச என்ன இருக்கிறது என்று நண்பர்கள் கேட்கக்கூடும். பொழிச்சலூர், பம்மல், அனகாபுத்தூர் வட்டாரத்தில் தனி வீடுகள் இடிந்து அடுக்ககங்கள் எழும்பி வரும் காலம் இது. தோட்டத்து மண்ணுக்கு வழியற்ற பூனை, பால்கனியில் நாம் வைத்த தட்டையே நம்பியிருக்கிறது. அதில் நிரப்பும் களிமண் குருணையைக் கடைக்காரர்கள் 'லிட்டர்' என்கிறார்கள். கிலோக் கணக்கில் விற்கும் லிட்டர். அது பூனையின் பாதத்தோடு கிளம்பிப் போர்வை, புடவை, லுங்கி என்று எல்லாத் துணியிலும் குடியேறிவிடுகிறது. அகற்றும் வழி எளியதுதான். அகற்ற வேண்டியவர் யார் என்பதில்தான் நமக்கு ஒரு கட்சி இருக்கிறது.

முதலில் வழியைச் சொல்லிவிடுவோம். கட்டியாகும் வகை லிட்டரின் மூலப்பொருள் பெண்டோனைட் என்னும் களிமண். நம் நாட்டில் குஜராத்தின் கட்ச் பகுதியில் மிகுதியாகக் கிடைப்பது. நீர் பட்டால் பல மடங்கு உப்பும். பூனையின் சிறுநீரை உருண்டையாக்கி அள்ள உதவுவது இந்தக் குணமே. துணியில் இதே குணம் பகையாகிறது. நனைத்த மாத்திரத்தில் குருணை குழைந்து இழைகளுக்குள் இறங்கிவிடும். சலவை இயந்திரத்துக்குள் போனால் மற்றத் துணிகளிலும் அப்பி, வடிகுழாயில் கட்டியாய்த் தங்கும்.

ஆகவே தண்ணீர் காட்டாதிருப்பதே முதல் விதி. ஈரமாக ஒட்டியிருந்தால் முழுக்கக் காயவிட வேண்டும். பிறகு மொட்டை மாடியில், மூக்கையும் வாயையும் மூடிக்கொண்டு, காற்று நம் முகத்தில் அடிக்காத பக்கமாக நின்று உதற வேண்டும்; அத்தூசியில் சிலிக்கா கலந்திருக்கக்கூடும். மிஞ்சியதைக் காய்ந்த பிரஷ்ஷால் தட்டி, தையல் மடிப்பிலும் பைகளிலும் இருப்பதைச் செல்லோடேப்பால் ஒற்றி எடுக்கலாம். அதற்குப் பின்தான் தனி வாளியில் ஓர் அலசலும் சோப்பும்.

இந்த மண்ணின் பூர்வ கதை விசித்திரமானது. 1947-இல் அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தில் எட்வர்ட் லோ என்பவர், பூனைக்குச் சாம்பல் போட்டு வீடெங்கும் கரிய பாதச்சுவடுகளோடு அல்லாடிய பக்கத்து வீட்டுப் பெண்மணிக்கு, தொழிற்கூடங்களில் சிந்திய எண்ணெயை உறிஞ்சப் பயன்பட்ட களிமண்ணைக் கொடுத்தார். அக்களிமண்ணுக்கு ஆங்கிலத்தில் வழங்கும் பெயரின் பொருள் 'கம்பளி வெளுப்பவரின் மண்' என்பதாகும். கம்பளியின் பிசுக்கை உறிஞ்சி எடுக்க ஐரோப்பியச் சலவைக்காரர்கள் அதைக் காலங்காலமாகப் பயன்படுத்தினார்கள். துணியை வெளுத்த மண்தான் இன்று துணிக்கு அழுக்காகி வந்து சேர்ந்திருக்கிறது.

நம் வண்ணார்கள் கையாண்ட உவர்மண் வேறு வகை. அதிலுள்ள காரம் எண்ணெய்ப் பிசுக்கைக் கரைக்கும். எந்த மண் துணியை வெளுக்கும், எது கெடுக்கும் என்பது அவர்கள் கை அறிந்த கல்வி. களர் நிலத்தில் கூவல் தோண்டித் துணி வெளுத்த பெண்ணை ஔவையாரின் 311-ஆம் புறப்பாட்டு காட்டுகிறது. எருப்பொடி படிந்த தெருவில் தலைவன் அமர, அவள் வெளுத்த ஆடை அழுக்கேறுவதையும் அப்பாட்டு மறைக்கவில்லை. துணியின் வெண்மைக்குப் பின்னால் ஒரு கை இருப்பதை அன்றைய புலவர் கண்டார். அவளைக் குறித்த புலைத்தி என்னும் சொல்லைப் பின்வந்தோர் வசையாக்கினார்கள்.

அந்த மனோபாவம் போய்விட்டதாக நாம் கருதவில்லை. பூனையைக் கொஞ்சுவது வீட்டுக்காரர். மணலும் மயிரும் ஒட்டிய போர்வையைச் சுருட்டிப் போட்டால் வெறுங்கையால் பிரிப்பது வேலைக்கு வரும் பெண்மணி. இது அருவருப்போடு முடிகிற விஷயமல்ல. பூனையின் கழிவில் டாக்சோபிளாஸ்மா என்னும் ஒட்டுண்ணி இருக்கக்கூடும். வெளியேறிய ஒன்று முதல் ஐந்து நாட்களில் அது தொற்றும் பக்குவத்தை அடைகிறது. கருவுற்ற பெண்ணுக்கு முதன்முறையாகத் தொற்றினால் வயிற்றுச் சிசுவைத் தாக்கலாம். வீட்டைவிட்டு வெளியேறாமல் சமைத்த உணவோ கடைத்தீனியோ தின்னும் பூனையிடம் அபாயம் குறைவு. எலி பிடித்துத் தின்னும் பூனையிடம் அதிகம். வேலைக்கு வருபவர் கருவுற்றிருக்கிறாரா என்று எத்தனை வீடுகளில் கேட்கிறோம்? கேட்டாலும், வேலை போய்விடுமோ என்ற அச்சமின்றி அவரால் பதில் சொல்ல முடியுமா?

ஆகவே தட்டை நாள்தோறும் சுத்தம் செய்வதும், துணியை உதறிக் கட்டியகற்றி அலசிய பிறகே சலவைக்குப் போடுவதும், முடிந்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவுவதும் பூனை வளர்ப்பவரின் கடமைகள். சம்பளத்தைச் சற்றுக் கூட்டிக் கொடுத்து இவற்றைப் பிறர் தலையில் கட்டுவது தீர்வாகாது என்பதே நம் கட்சி. பத்து நிமிட வேலை இது. மடியில் பூனையை ஏந்துகிறவர், அது மடியில் உதிர்த்த மண்ணையும் தாமே தட்டிவிடட்டும்.