உச்சரிப்பை வைத்து அறிவை அளக்காதீர்கள்

வகுப்பில் ஒரு மாணவி 'ஐலண்ட்' என்பதை எழுத்து எழுத்தாகக் கூட்டி 'இஸ்லாண்ட்' என்று படித்தால், வகுப்பே சிரிக்கிறது. நேர்காணலில் ஒருவர் 'கர்னல்' என்பதைக் 'கொலொனல்' என்று சொன்னால், அவர் வேறு எதைச் சொன்னாலும் எடுபடுவதில்லை. ஆங்கிலச் சொல்லைப் பிசகாக உச்சரிப்பவருக்கு அறிவும் குறைவு என்ற நம்பிக்கை நம்மிடையே ஆழமாக ஊறிக் கிடக்கிறது. அந்த நம்பிக்கை தவறானது; பலரை வாய் திறக்கவிடாமல் செய்யும் கொடுமையும்கூட.

பிசகு எங்கே இருக்கிறது என்று பார்ப்போம். தீவைக் குறிக்கும் பழைய ஆங்கிலச் சொல்லில் 'எஸ்' கிடையாது. லத்தீனின் 'இன்சுலா'வோடு உறவு இருப்பதாகத் தவறாக எண்ணிப் பின்னால் வந்தவர்கள் அதைச் செருகினார்கள். கடனைக் குறிக்கும் 'டெட்' பிரெஞ்சிலிருந்து வந்தபோது அதில் 'பி' இல்லை. லத்தீன் மூலத்தைக் காட்டுவதற்காகப் புலவர்கள் சேர்த்த எழுத்து அது. 'கர்னல்' இத்தாலியில் 'ல'கரத்தோடு பிறந்து, பிரெஞ்சில் 'ர'கரமாகத் திரிந்தது. ஆங்கிலம் எழுத்தில் ஒன்றையும் பேச்சில் மற்றொன்றையும் வைத்துக்கொண்டது. 1476இல் வில்லியம் காக்ஸ்டன் இங்கிலாந்துக்கு அச்சகத்தைக் கொண்டுவந்தார். அச்சு எழுத்துகளை மெல்ல நிலைநிறுத்திய காலத்தில்தான் உயிரொலிகள் பெரிதும் மாறிக்கொண்டிருந்தன. ஒலி நகர்ந்தது, எழுத்து நின்றுவிட்டது. எழுத்தை நம்பிப் படித்த மாணவி என்ன குற்றம் செய்தாள்?

ஒரே சரியான உச்சரிப்பு என்று ஒன்று இருப்பதாக நினைப்பதும் பிழை. பிரிட்டனில் 'லெஃப்டினன்ட்', அமெரிக்காவில் 'லூட்டனன்ட்'. மூலிகைக்குப் பிரிட்டனில் 'ஹெர்ப்', அமெரிக்காவில் 'எர்ப்'. இரு நாட்டுப் படித்தவர்களில் யாரை அறிவிலி என்பது? 1917இல் ஆங்கில உச்சரிப்பு அகராதியை வெளியிட்ட டேனியல் ஜோன்ஸ், பெரிய உறைவிடப் பள்ளிகளில் படித்த தென் இங்கிலாந்துக் குடும்பத்தாரின் பேச்சையே அதில் பதிந்தார். எது நல்லது, எது கெட்டது என்று தீர்ப்பளிப்பது தம் நோக்கமல்ல என்பதையும் அவர் தெளிவுபடுத்தினார். அவர் ஏற்க மறுத்த நீதிபதிப் பொறுப்பை நாம் எடுத்துக்கொண்டிருக்கிறோம்.

நம் கட்டுமரத்தைக் 'கேட்டமரான்' என்றும், மிளகுத்தண்ணியை 'மல்லிகட்டானி' என்றும் ஆங்கிலேயர் தம் நாவுக்கு ஏற்ப மாற்றிக்கொண்டார்கள். அதற்காக அவர்கள் அறிவை யாரும் ஐயப்படவில்லை.

அப்படியானால் எப்படி வேண்டுமானாலும் உச்சரிக்கலாமா? கூடாது. கேட்பவருக்குப் புரிய வேண்டும். அதற்குப் பயிற்சி தேவை. அகராதியிலுள்ள ஒலிக்குறியீடுகளைப் படிக்கக் கற்றுத்தந்தால், அரிய சொல்லையும் பிள்ளைகள் தாமாகவே சரிபார்த்துக்கொள்வார்கள். சிரிப்பு எந்தச் சொல்லையும் கற்றுத்தருவதில்லை. அடுத்த முறை கை தூக்க வேண்டாம் என்பதை மட்டும் கற்றுத்தருகிறது.

ஆசிரியர்களே, மேலதிகாரிகளே, திருத்துங்கள். தனியாக, அன்போடு திருத்துங்கள். ஒருவர் சொல்லும் கருத்தை முதலில் கேளுங்கள். அறிவை அங்கேதான் அளக்க முடியும்.